பிறர் விட்டுச்சென்ற இடம்

எலைன் பெய்ஜின் குரலை நான் முதலில் கேட்டது, நண்பன் ஒருவன் பதிவுசெய்து கொடுத்த ஒலிநாடாவில். உறையில் ‘மெமரி’ என்று பாடலின் பெயர் மட்டும் எழுதியிருந்தது. அழகை இழந்த மூதாட்டி ஒருத்தி, பின்னிரவுத் தெருவில் நின்று தன் பழைய நாட்களை எண்ணிப் பாடுகிறாள் என்றே பல ஆண்டுகள் நம்பியிருந்தேன். பாடுவது ஒரு பூனை என்று பின்னர் தெரிந்தபோது சிரிப்புத்தான் வந்தது. (சிரித்து முடித்து மறுபடியும் கேட்டேன், துயரம் அப்படியேதான் இருந்தது.)

அந்தப் பூனையின் பெயர் கிரிசபெல்லா. டி.எஸ். எலியட் 1939-இல் வெளியிட்ட பூனைக் கவிதைத் தொகுப்பில் அவள் இல்லை. குழந்தைகளுக்கு இவ்வளவு சோகம் ஆகாது என்று கவிஞர் ஒதுக்கிவைத்த எட்டு வரிகளில் இருந்தாள். அவ்வரிகளை எலியட்டின் மனைவி வேலரி, இசையமைப்பாளர் ஆண்ட்ரூ லாயிட் வெப்பரிடம் கொடுத்தார். ‘கேட்ஸ்’ 1981 மே மாதம் லண்டனில் அரங்கேறியது. கிரிசபெல்லாவாக நடிக்கவிருந்தவர் ஜூடி டெஞ்ச். ஒத்திகையில் குதிகால் தசைநார் கிழிந்து அவர் விலக நேர்ந்தது. அரங்கேற்றம் நெருங்கிவிட்ட நிலையில் அவ்வேடம் பெய்ஜிடம் வந்தது. மேடையில் மிகக் குறைந்த நேரமே தோன்றும் வேடம். ஆனால் நாடகம் பார்த்தவர்கள் வீட்டுக்கு எடுத்துச்சென்றது அந்தப் பாடலைத்தான்.

இச்செய்தி என்னைப் பற்றிக்கொண்டதற்குக் காரணம் உண்டு. ஒரு கல்லூரியில், விடுப்பில் சென்றவர்களுக்குப் பதிலாக மூன்றாண்டுகள் பாடம் நடத்தியவன் நான். வேறொருவரின் நாற்காலி, வேறொருவரின் கையெழுத்திட்ட வருகைப் பதிவேடு. “பழைய சார் எப்ப வருவார்?” என்று மாணவர்கள் கள்ளமில்லாமல் கேட்பார்கள். நானும் கள்ளமில்லாதவன் போலவே தேதியைச் சொல்வேன்.

பெய்ஜ் 1968-இல் ‘ஹேர்’ நாடகத்தின் வழியே லண்டன் மேடைக்கு வந்தவர். அதன்பின் பத்தாண்டுகள் பெரும்பாலும் எவரும் நினைவில் வைத்துக்கொள்ளாத வேடங்கள். ‘எவிட்டா’ 1976-இல் இசைத்தட்டாக வெளிவந்தபோது ஈவா பெரோனாகப் பாடியவர் ஜூலி கோவிங்டன். மேடையில் அவ்வேடத்தை ஏற்க அவர் மறுத்துவிட்டார். 1978 ஜூனில் பிரின்ஸ் எட்வர்ட் அரங்கில், ஐந்தடி உயரங்கூட இல்லாத, முப்பது வயதுப் பெய்ஜ் அர்ஜென்டினாவின் மேல்மாடத்தில் வந்து நின்றார். ஒரே இரவில் புகழ் வந்தது என்று எழுதுவார்கள். அந்த இரவுக்குப் பின்னே பத்தாண்டுகள் இருந்தன.

கணக்கு மறுபக்கமும் நேரானது. ‘எவிட்டா’ 1979-இல் நியூயார்க் சென்றபோது, அமெரிக்க நடிகர் சங்கத்தின் கெடுபிடியால் அவர் போக முடியவில்லை. வேடம் பேட்டி லுபோனுக்குச் சென்றது. 1996-இல் அது படமானபோது மடோனா நடித்தார். லுபோனின் ஈவாவில் சீற்றம் அதிகம். பெய்ஜின் ஈவாவில் ஆசை அதிகம். எனக்கு ஆசைதான் பிடித்திருக்கிறது. மடோனாவைப் பற்றி ஒன்றும் சொல்லாமல் விடுகிறேன்.

‘செஸ்’ இசைத்தட்டில் புளோரன்ஸ் பாத்திரத்துக்கு முதற்குரல் அவருடையதே. அதில் பார்பரா டிக்சனுடன் பாடிய இருவர் பாடல் 1985-இல் பிரிட்டனில் நான்கு வாரங்கள் முதலிடத்தில் இருந்தது. பின்னர் ‘சன்செட் பூல்வார்ட்’. 1994-இல் பெட்டி பக்லிக்கு அறுவைச் சிகிச்சை நடந்தபோது பதிலாக நின்று, அடுத்த ஆண்டு அவ்வேடத்தையே பெற்றார். நியூயார்க் மேடையில் அவர் முதன்முதலாக ஏறியதும் அந்நாடகத்தில்தான், 1996-இல், நாற்பத்தெட்டு வயதில், மீண்டும் பிறர் நடித்துவிட்டுப்போன வேடத்தில். மறக்கப்பட்ட பழைய நடிகை, தன் இடம் இன்னும் காலியாகவே காத்திருப்பதாக நம்பும் பாத்திரம் அது.

கடைசியாக நான் யாருடைய இடத்தில் இருந்தேனோ, அவர் ஒரு ஜூன் மாதம் திரும்பி வந்தார். பதிவேட்டைக் கொடுத்துவிட்டுப் பேருந்தில் ஏறி, வாக்மேனில் அந்த நாடாவைப் போட்டேன். குரல் உச்சத்துக்கு ஏறும் இடத்தில் நாடா சிக்கிக்கொண்டது. பென்சிலை நுழைத்துச் சுற்றிச் சரிசெய்வதற்குள் ஊர் வந்துவிட்டது. பாடுவது பூனை என்று அப்போது எனக்குத் தெரியாது.