பார்க்க வேண்டியதும் பார்க்கப்படக் கூடாததும்

போன காலத்தை ஒருமுறையாவது திரும்பிப் பார்க்க முடிந்தால் என்று ஏங்காத பெண்கள் நம்மிடையே குறைவு. இடம்பெயர்ந்து இடம்பெயர்ந்து வீட்டையும் கல்யாணப் படத்தையும் பிள்ளையின் பள்ளிக்கூடக் கொப்பிகளையும் பறிகொடுத்தவர்களுக்கு நினைவைத் தவிர வேறு என்ன மிஞ்சியிருக்கிறது?

இந்த ஏக்கத்தை வைத்து மேல்நாட்டு விஞ்ஞானக் கதை எழுத்தாளர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். நெடுங்காலம் இலங்கையில் வாழ்ந்து 2008இல் இங்கேயே காலமான ஆதர் சி. கிளார்க்கும், ஸ்டீபன் பக்ஸ்டர் என்பவருடன் சேர்ந்து, கடந்த காலத்தைப் பார்க்கும் கருவி பற்றி 2000ஆம் ஆண்டில் ஒரு நாவல் வெளியிட்டார். இவ்வகைக் கதைகளில் இரண்டு, நான் செய்யும் வேலைக்கு மிக நெருக்கமானவை.

ஒன்று 1966இல் பொப் ஷோ எழுதியது. அதில் 'மெதுவான கண்ணாடி' என்றொரு பொருள் வருகிறது. சாதாரண கண்ணாடியை ஒளி கணப்பொழுதில் கடந்துவிடும். இந்தக் கண்ணாடியைக் கடக்க அதற்கு வருடக் கணக்காகும். பத்து வருடக் கண்ணாடியை ஓர் ஏரிக்கரையில் பத்து வருடம் நிறுத்திவைத்துவிட்டு நகரத்து வீட்டு யன்னலில் பொருத்தினால், அடுத்த பத்து வருடமும் அந்த ஏரிதான் தெரியும். இதை விற்கும் ஒருவன் தன் வீட்டுக்கு வெளியே இருந்து யன்னலையே பார்த்துக்கொண்டிருக்கிறான். உள்ளே மனைவியும் குழந்தையும் நடமாடுகிறார்கள். வாங்க வந்த பெண் வீட்டுக் கதவைத் திறந்தால், உள்ளே யாரும் இல்லை. வீடு குப்பையாகக் கிடக்கிறது. அவர்கள் இருவரும் விபத்தில் இறந்து வருடங்களாகிவிட்டன. யன்னலில் தெரிந்தது பழைய ஒளி.

மற்றது 1956இல் ஐசக் அசிமோவ் எழுதியது. அதில் கடந்த காலத்தைக் காட்டும் கருவியைத் தேடி அலையும் பேராசிரியருக்குக் கடைசியில் ஒரு பயம் பிடிக்கிறது. தீயில் இறந்த மகளைப் பார்த்துப் பார்த்தே தன் மனைவி வாழ்வை முடித்துவிடுவாளே என்ற பயம். அதைவிடப் பெரிய ஆபத்து கதை முடிவில் வருகிறது. ஒரு நொடிக்கு முன் நடந்ததும் கடந்த காலம்தானே! அப்படியானால் எவர் வீட்டு அறைக்குள்ளும் எவரும் எட்டிப் பார்க்கலாம்.

இந்த இரண்டு கதைகளையும் நான் வேலை செய்யும் கிராமமொன்றின் மாதர் குழுவில் சொன்னேன். பழைய நாட்களைப் பார்க்கத்தான் எல்லாரும் ஆசைப்படுவார்கள் என்று எதிர்பார்த்தேன். மகனை 2009இல் கையளித்த அம்மா ஒருவர் சொன்னார்: "பிள்ளை, அவன் சிரிச்சுக்கொண்டு நிக்கிறதைப் பாக்க எனக்குக் கண்ணாடி வேண்டாம். கண்ணை மூடினால் அது தெரியும். அவனை ஏத்தின பஸ் எங்க போய் நிண்டது? அதைக் காட்டுமெண்டால் கொண்டுவா."

மூலையில் இருந்த இளம்பெண் நெடுநேரம் பேசவில்லை. பிறகு மெல்லக் கேட்டாள்: "அப்ப, எனக்கு நடந்ததையும் மற்ற ஆக்கள் பாக்கலாம் தானே அக்கா?"

அதற்குப் பிறகு அங்கே யாரும் கதைக்கவில்லை.

கதைகளில் வரும் தந்தையும் கணவனும் தமது இழப்பை அறிந்தவர்கள். நமது அம்மாவுக்கு அந்த அறிதலே மறுக்கப்பட்டிருக்கிறது. போலின் பாஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் இதனைத் தெளிவற்ற இழப்பு என்பார். ஆள் இல்லை, ஆனால் இறந்ததாகவும் இல்லை. பொட்டு வைப்பதா, விடுவதா? திவசம் கொடுப்பதா, கோயிலில் அவன் பெயருக்கு அர்ச்சனை செய்வதா? இப்படித் தவிக்கும் பெண்ணைப் பார்த்து 'பழசையே நினைச்சுக்கொண்டிராதை' என்று சமூகம் புத்தி சொல்கிறது. அவள் கேட்பது பழையதை அல்ல. இன்றுவரை முடியாத ஒன்றின் முடிவைக் கேட்கிறாள்.

இளம்பெண்ணின் கேள்வியும் அதேயளவு நியாயமானது. உண்மையை அறியும் உரிமையோடு, தன் உடலுக்கு நடந்ததை யார் அறியலாம் என்று தானே தீர்மானிக்கும் உரிமையும் ஒரு பெண்ணுக்கு உண்டு. உதவி என்ற பெயரில் வருபவர்களுக்கெல்லாம் திரும்பத் திரும்பச் சொல்லவேண்டிய கடமை அவளுக்கு இல்லை. அவள் 'வேண்டாம்' என்றால் எங்களைப் போன்ற பணியாளர்கள் கொப்பியை மூடிவைக்க வேண்டும்.

அப்படியொரு கருவி உலகில் இல்லை. ஆனால் பொருள்களும் நினைவும் சேரும்போது கடந்த காலம் சிறிது திறக்கிறது. யாழ்ப்பாணம் செம்மணிப் புதைகுழியில் எலும்புக்கூடுகளுடன் கண்டெடுக்கப்பட்ட உடுப்புகள், பாடசாலைப் பை, விளையாட்டுப் பொம்மை முதலியவை 2025 ஆகஸ்டில் மக்கள் அடையாளம் காண்பதற்காகக் காட்சிக்கு வைக்கப்பட்டன. அன்று தேவைப்பட்டது விலையுயர்ந்த கருவியல்ல. 'அந்தச் சட்டையின் கை மடிப்பை நான்தான் தைத்தேன்' என்று சொல்லக்கூடிய ஒரு தாயின் ஞாபகம்.

வயது போகப் போக ஞாபகமும் மங்கும். பதில் கிடைக்காமலே கண்மூடிய தாய்மார் பலர். ஆகவே சகோதரிகளே, உங்களுக்கு விருப்பமிருந்தால், காணாமல் போனவரைப் பற்றி ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். கடைசியாகக் கண்ட திகதி, இடம், உடனிருந்தவர்கள். உடுத்திருந்த உடுப்பின் நிறம், தையல், செருப்பு. எப்போதாவது முறிந்து பொருந்திய எலும்பு, பிடுங்கிய பல், காயத் தழும்பு. எழுத முடியாதவர்கள் நம்பிக்கையான ஒருவரைக் கொண்டு எழுதுவியுங்கள். ஒரு பிரதி உங்களிடமும் மற்றது நீங்கள் நம்பும் உறவினரிடமும் இருக்கட்டும். யாருக்குக் காட்டுவது, எந்தப் பக்கத்தைக் காட்டாமல் விடுவது என்பது உங்கள் முடிவு.

அந்த அம்மா இப்போது பேத்தியைக் கொண்டு எழுதுவிக்கிறார். நான்கு பக்கம் முடிந்திருக்கிறது. இளம்பெண் எதுவும் எழுதவில்லை. அவள் குழுவுக்கு ஒழுங்காக வருகிறாள். அவளிடம் யாரும் எதுவும் கேட்பதில்லை.