முதலில் பேசிய நாயகி

தமிழின் முதல் பேசும் படம் எது? வினாடி வினாவில் எல்லோரும் பட்டென்று 'காளிதாஸ்' என்று சொல்லிவிடுவார்கள். சரி, அதில் நாயகி யார் என்று கேளுங்கள். பாதிப் பேர் முழிப்பார்கள்.

டி.பி.ராஜலட்சுமி. திருவையாற்றுக்காரர். சின்ன வயதிலேயே கல்யாணம், அது நிலைக்கவில்லை. அப்பாவும் போய்விட்டார். குடும்பம் நடக்க வேண்டுமே, நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். பெண் வேஷத்தையே பெரும்பாலும் ஆண்கள் கட்டிய காலம் அது. ஒரு பிராமணப் பெண் மேடை ஏறினால் ஊர் வாய் சும்மா இருந்திருக்குமா?

பிறகு சில மௌனப் படங்கள். பாடத் தெரிந்தவருக்கு அங்கே என்ன வேலை... முகம் மட்டும் போதும்.

1931ல் நிலைமை தலைகீழானது. 'ஆலம் ஆரா' எடுத்த அர்தேஷிர் இரானியின் பம்பாய் கம்பெனி, எச்.எம்.ரெட்டி இயக்கத்தில் 'காளிதாஸ்' எடுத்தது. அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியீடு. இதில் ஒரு வேடிக்கை உண்டு. நாயகி தமிழில் கேட்பார், நாயகன் தெலுங்கில் பதில் சொல்வார்! அது மட்டுமா, காளிதாசன் கதைக்கு நடுவில் காந்தி, கைராட்டை பற்றிப் பாட்டு வேறு. ஜனங்கள் லாஜிக் எல்லாம் பார்க்கவில்லை. திரையில் ஒரு பெண் தமிழில் பேசுகிறாள், அதுவும் வெள்ளைக்காரன் ஆட்சியில் காந்தியைப் பாடுகிறாள். அது போதாதா?

1933ல் 'வள்ளி திருமணம்' பெரிய வெற்றி. 1936ல் தான் எழுதிய நாவலை 'மிஸ் கமலா' என்று தானே தயாரித்து, இயக்கி, நடித்தார். தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர் அவர்தான். கதாநாயகியாகப் பேர் வாங்கியதைவிட இதுதான் பெரிய துணிச்சல்.

ஜப்பானிலும் ஒருவர் இதே வழியில் போனார். கினுயோ தனாகா. அங்கே முதலில் வெற்றி பெற்ற பேசும் படத்தின் நாயகி, அதுவும் 1931தான். அவர் இயக்குநர் நாற்காலியில் உட்கார 1953 வரை ஆனது. நம்மவர் ஐந்தே வருடத்தில்!

ஆனால் தனாகாவின் அந்தப் படத்தை இன்றும் பார்க்கலாம். 'காளிதாஸ்' பிரதி ஒன்றுகூட மிஞ்சவில்லை. ராஜலட்சுமி 1964ல் காலமானார். தியேட்டரில் தமிழர்கள் முதன்முதலாகக் கேட்ட அந்தக் குரல் போய், இன்று சில புகைப்படங்கள் மட்டும் இருக்கின்றன. மறுபடியும் மௌனப்படம்தான்.