நிர்வாக நலன் கருதி...

மே மாதம் என்றால் உங்களுக்கு மாம்பழமும் கத்திரி வெயிலும் ஞாபகம் வரும். அரசுப் பள்ளி டீச்சர் இருக்கிற வீட்டில் டிரான்ஸ்ஃபர்தான் ஞாபகம் வரும். எங்கள் வீட்டில் அக்கா டீச்சர்.

சில வருடங்களுக்கு முன்பு அவளுக்கு ஓர் உத்தரவு வந்தது. 'நிர்வாக நலன் கருதி' 60 கிலோமீட்டர் தள்ளி இன்னொரு பள்ளிக்கு மாற்றம். இரண்டு பஸ் மாறிப் போக வேண்டும். வீட்டிலோ படுத்த படுக்கையாக மாமியார், பிளஸ் டூ படிக்கும் பையன்.

"நிர்வாகத்துக்கு நலன், சரி. நமக்கு?" என்றார் அத்தான்.

அன்று சாயங்காலமே குடும்ப மாநாடு கூடியது. "மதுரை பெஞ்சுல ஒரு ரிட் போடு, ஒரே வாரத்துல ஸ்டே!" என்று அடித்துச் சொன்னார் பெரியப்பா. அவர் கோர்ட்டைப் பார்த்ததெல்லாம் பஸ் ஜன்னலில்தான். "நீ பி.காம். படிச்சவனாச்சே, வக்கீலைப் பாரு" என்று என்னைத் துரத்தினார்கள். பி.காமுக்கும் ரிட்டுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

வக்கீலின் முதல் கேள்வி: "அக்கா புது ஸ்கூல்ல ஜாயின் பண்ணிட்டாங்களா?"

"அதை எதிர்த்துத்தானே சார்..."

"முதல்ல ஜாயின் பண்ணச் சொல்லுங்க. சண்டை அப்புறம்."

குஜராத்தில் மின்வாரிய ஊழியர் ஒருவர், மாற்றிய ஊருக்குப் போகாமல் மனு எழுதிக்கொண்டிருந்தார். வேலையே போயிற்று. போனது சரிதான் என்று 1989-ல் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டதாம்.

மாமியார் கதையை உருக்கமாக எடுத்துவிட்டேன். வக்கீல் உருகவில்லை. "கஷ்டம் நிஜம்தான் சார். ஆனா கோர்ட்டு முக்கியமா ரெண்டு விஷயம்தான் பார்க்கும். கட்டாய விதியை மீறினாங்களா? கெட்ட எண்ணத்தோட மாத்தினாங்களா?"

இதற்கு அவர் காட்டிய வழக்கே டீச்சர்கள் வழக்குதான். பீகாரில் கணவர் வேலை பார்க்கும் ஊருக்குச் சில ஆசிரியைகள் மாற்றல் கேட்டு வாங்கினார்கள். அவர்களுக்காக இடம் பெயர்க்கப்பட்டவர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். ஹைகோர்ட்டில் ஜெயித்தவர்கள் சுப்ரீம் கோர்ட்டில் தோற்றார்கள். 1991-ன் தீர்ப்புத் தொகுப்புகளில் இருக்கிறது.

இங்கேதான் என் பி.காம். கை கொடுத்தது. டபுள் என்ட்ரி! ஒருவருக்கு வரவு என்றால் இன்னொருவருக்குப் பற்று. அக்காவின் இடத்துக்கு வந்த டீச்சருக்குக் கைக்குழந்தை. புருஷனுக்கு எங்கள் ஊரில் வேலை. அவர் மேல் எப்படிக் கோபப்படுவது? மாமியார் பெரிதா, கைக்குழந்தை பெரிதா என்று எந்த நீதிபதி தராசு பிடிப்பார்?

ஆகவே விதி இருக்க வேண்டும். அதுவும் சட்டமாக இருந்தால் உத்தமம். கணவன், மனைவியை ஒரே ஊரில் போடலாம் என்பது போன்ற வழிகாட்டு நெறிகள் ஊழியருக்கு உரிமை ஆகிவிடாது என்று 1993-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது. கர்நாடகத்தில் ஆசிரியர் மாற்றலுக்கென்றே 2007-லும் மறுபடி 2020-லும் சட்டம் போட்டார்கள். நம் ஊரில் அரசாணையை வைத்துத்தான் கலந்தாய்வு நடந்து வருகிறது. சட்டத்தை மீறினால் கோர்ட் காதைப் பிடிக்கும். நெறியை மீறினால் பெரும்பாலும் தொண்டையைக் கனைப்பதோடு சரி.

அக்கா மறுநாளே ஜாயின் பண்ணினாள். பிறகு வழக்கும் போட்டோம். கிடைத்த உத்தரவு: 'மனுவைப் பரிசீலித்து முடிவு எடுக்கவும்.' யார் பரிசீலிப்பார்கள்? மாற்றிய அதே அலுவலகம்தான்! பதில் வந்தது: 'நிர்வாக நலன் கருதி' ஏற்க இயலவில்லை.

இரண்டு வருடம் பஸ்ஸில் தூங்கி, பஸ்ஸில் நோட்டுத் திருத்தி, ஒரு கலந்தாய்வில் பக்கத்து ஊர்ப் பள்ளியைப் பிடித்தாள். காலியிடம் எது, தனக்கு முன்னால் எத்தனை பேர் என்று அன்றைக்குக் கண் முன்னால் தெரிந்தது. வக்கீல் பீஸ் கொடுத்து வாங்க முடியாத நியாயம் அந்தப் பட்டியலில் இருந்தது.

கிளம்புகிற அன்று மூன்றாம் வகுப்புப் பெண் ஒருத்தி கேட்டாளாம்: "அடுத்த டீச்சராவது இருப்பாங்களா டீச்சர்?"

பெரியப்பாவிடம் இதைச் சொன்னேன். முதல் தடவையாக அவர் 'ரிட் போடு' என்று சொல்லவில்லை.