பன்னிரண்டாம் தெருவைத் தேடி

டெட்ராய்ட் நகரின் கிளேர்மவுண்ட் சாலை முனையில் சின்னதாக ஒரு பூங்கா. அங்கே 2017இல் நட்ட நினைவுப் பலகை முன் நிற்கிறேன். 1967 ஜூலை 23, விடியுமுன்னே, இந்த மூலையில் இருந்த அச்சகத்தின் மாடியில் உரிமமின்றி நடந்த மதுக்கூடத்துக்குள் போலீஸ் புகுந்தது. வியட்நாமிலிருந்து திரும்பிய இரு வீரர்களுக்கு உள்ளே விருந்து. எண்பதுக்கும் மேற்பட்டவர்களை வண்டியில் ஏற்றி முடிப்பதற்குள் தெருவில் கூட்டம் திரண்டுவிட்டது. ஐந்து நாள் கலவரத்தில் 43 பேர் மாண்டனர். அவர்களில் 33 பேர் கறுப்பினத்தவர். கைதானவர்கள் 7,200 பேருக்கு மேல்.

தெற்கு நோக்கி நடந்தேன். அன்றைய பன்னிரண்டாம் தெரு இப்போது ரோசா பார்க்ஸ் சாலை. அலபாமாவில் பஸ் இருக்கையை விட்டு எழ மறுத்த அவர், கலவரத்தின்போது இந்தச் சுற்றுவட்டாரத்தில்தான் குடியிருந்தார். அகலமான சாலை, புல்தரை, வீடுகள். அடகுக்கடையும் முடிதிருத்தகமும் நெருக்கியடித்து நின்ற கடைவீதி இதுவென்று யாராவது சொன்னால்தான் தெரியும்.

எல்லாவற்றையும் கலவர நெருப்பு கொண்டுபோகவில்லை. மிஞ்சியதில் பலவற்றைச் சீரமைப்பு என்ற பெயரில் நகர நிர்வாகமே இடித்துத் தெருவை அகலப்படுத்தியது. இங்கு வாழ்ந்த மக்களுக்கு இடிப்பு புதிதுமல்ல. பிளாக் பாட்டம் என்ற கறுப்பினக் குடியிருப்பைத் தரைமட்டமாக்கி நெடுஞ்சாலை போட்டபோது, வேறெங்கும் வீடு கிடைக்காத பலர் வந்து ஒண்டிய இடம்தான் இது.

கலவரம்தான் டெட்ராய்ட்டைக் காலி செய்தது என்பார்கள். ஆனால் 1950இல் 18.5 லட்சமாக இருந்த மக்கள்தொகை, 1960க்குள்ளேயே சுமார் 1.8 லட்சம் குறைந்திருந்தது. வெள்ளையர்கள் அப்போதே புறநகர்களுக்குப் போகத் தொடங்கியிருந்தார்கள். 2020இல் மிஞ்சியது 6.39 லட்சம்.

சில தெருக்கள் தாண்டினால் வர்ஜீனியா பார்க். கலவரத்துக்குப் பின் பெரிய வணிகர்கள் திரும்பி வராததால், இப்பகுதி மக்களே பங்கு போட்டு ஒரு கடை வளாகத்தை எழுப்பினார்கள்.

மதுக்கூடத்துக்குள் புகுந்த இந்நகரப் போலீசில் 1967இல் கறுப்பினத்தவர் நூற்றுக்கு ஐந்து பேர் அளவில்தான் இருந்தனர். 1973 தேர்தலில் கோல்மன் யங் நகரின் முதல் கறுப்பின மேயராக வென்றார். கறுப்பின இளைஞர்களைச் சுட்டுக் கொன்றதால் வெறுப்பைச் சம்பாதித்திருந்த ‘ஸ்ட்ரெஸ்’ என்ற போலீஸ் தனிப்படையைக் கலைத்தார்; போலீசில் கறுப்பினத்தவர் பெருகினார்கள். காவல்துறையை மாற்ற வாக்குச்சீட்டு போதுமானதாக இருந்தது. வெளியேறிய முதலீட்டை அதனால் திருப்பிக் கொண்டுவர முடியவில்லை.