அறந்தாங்கியில் ஓர் அவசர நடை!

"உங்க அப்பாவுக்கு எத்தனை வயசுல சுகர் வந்துச்சு?" என்று கேட்டார் டாக்டர்.

"நாற்பத்தெட்டுல சார்."

"உங்களுக்கு முப்பத்துநாலுலயே வந்தாச்சு! பரம்பரைச் சொத்தை அப்பா இருக்கும்போதே எழுதி வாங்கிட்டீங்க. இனிமே பவர் வாக்கிங் போங்க. தினம் அரை மணி, வாரத்துல அஞ்சு நாள்."

நடையில் என்ன சார் பவர்? நமக்குத் தெரிந்ததெல்லாம் பவர் கட்தானே! டாக்டரே விளக்கினார். சாதாரணமாக நாம் மணிக்கு நாலைந்து கிலோமீட்டர் நடக்கிறோம். பவர் வாக்கிங்கில் ஏழைத் தொட வேண்டும். முழங்கையை 'ட' மாதிரி மடக்கி, தோளிலிருந்து வீச வேண்டும். குதிகால் முதலில் தரையைத் தொட்டு, கால்விரல் கடைசியில் உந்த வேண்டும். எட்டு நீளமாக இருக்கக் கூடாது, எண்ணிக்கைதான் கூட வேண்டும். நாலு வார்த்தை பேச முடியலாம், பாட மட்டும் முடியக் கூடாது. (நான் உட்கார்ந்தாலே பாட முடியாதவன்.)

ஓட்டம் வேறு. அதில் ஒரு கணம் இரண்டு காலும் அந்தரத்தில் இருக்கும். நடையில் ஒரு கால் எப்போதும் தரையில். மூட்டுக்கு அடி குறைவு.

ஒலிம்பிக் நடைப்போட்டியோ இன்னொரு ரகம். முன்வைத்த கால் தரையைத் தொட்டதிலிருந்து உடம்புக்கு நேர்கீழே வரும்வரை முழங்கால் மடங்கவே கூடாது. 2012 லண்டன் ஒலிம்பிக்கில் கேரளத்துக்காரர் கே.டி.இர்ஃபான், 20 கிலோமீட்டரை ஒரு மணி இருபது நிமிஷத்துச் சொச்சத்தில் நடந்து பத்தாவதாக வந்தார். மணிக்குச் சுமார் 15 கிலோமீட்டர். கடைவீதியில் நம்ம டவுன் பஸ் தோற்றுப்போகும்!

லீவு போட்டு ஊருக்கு வந்தவன், முதல் நாள் காலை ஐந்தரைக்குக் கட்டுமாவடி முக்கம் நோக்கிக் கிளம்பினேன். கையை 'ட' போட்டு நாலு எட்டு வைத்திருப்பேன்...

"என்ன மாப்ளே, பஸ்ஸை விட்டுட்டியா?" - டீக்கடையிலிருந்து குரல்.

நின்று விளக்கிவிட்டு நகர்ந்தால், பெட்டிக்கடை மாமா பதறிக்கொண்டு வந்தார். "யாருக்கு என்னப்பா? எந்த ஆஸ்பத்திரி?"

எங்கள் ஊரில் ஒருவன் வேகமாக நடந்தால் ஒன்று பஸ் போச்சு, இல்லை உயிர் போச்சு! நான் சொன்னதை நம்பாமல் மாமா சைக்கிளில் கூடவே வந்துவிட்டார்.

மூன்றாம் நாள் ஓரளவு வேகம் பிடித்தேன். பின்னாலிருந்து "தம்பி, ஒத்திக்கப்பு!" என்று சத்தம். தலையில் மீன் கூடை. ஒரு கை கூடையைப் பிடித்திருக்க, மறு கையை வீசி, சுலபமாக என்னைத் தாண்டினார் ஓர் அக்கா.

"எங்கே இம்புட்டு அவசரம்?"

"எங்கேயும் இல்லக்கா... சும்மா!"

"சும்மா போறதுக்கா இந்த வேகம்?" என்று சிரித்தபடி மார்க்கெட் பக்கம் மறைந்தார்.

நியாயம்தானே? அவர் நடைக்கு முடிவில் மார்க்கெட் இருக்கிறது. தைப்பூசத்துக்குக் காவடி எடுத்து நடக்கும் செட்டிநாட்டுப் பாதயாத்திரைக்காரர்களுக்கு முடிவில் பழனி முருகன் இருக்கிறான். இந்த பவர் வாக்கிங் மட்டும் வீட்டில் ஆரம்பித்து வீட்டிலேயே முடிகிறது.

வீட்டுத் திண்ணையில் அப்பா உட்கார்ந்திருந்தார். பக்கத்துத் தெரு சலூனுக்கே மொபெட்டில் போனவர். போன வருஷம் சுகரால் வலது கால் கட்டைவிரலை எடுத்தார்கள். இப்போது வாசல்வரை வரவே சுவரைப் பிடிக்க வேண்டும். நான் கிளம்பும்போது கையில் எடுத்த வாட்ச்சை, திரும்பி வரும்வரை கீழே வைப்பதில்லை.

"நேத்தைவிட ரெண்டு நிமிஷம் லேட்டு."

"டீக்கடையில பிடிச்சுக்கிட்டாங்கப்பா."

அப்பா கொஞ்ச நேரம் தன் காலையே பார்த்தார். அப்புறம் சொன்னார்:

"நாளைலேர்ந்து ஸ்டேஷன் ரோட்டுப் பக்கம் போ. அங்கே நமக்குச் சொந்தக்காரங்க கம்மி!"