மானாவாரித் தெய்வத்தின் வீடு

லத்தாக்கியா காய்கறிச் சந்தையில் தக்காளி இரண்டு குவியலாக இருந்தது. ஒன்று பளபளவென்று, ஒரே அளவில், மெழுகு பூசியது மாதிரி. மற்றது சின்னச் சின்னதாக, வெடிப்பு விழுந்து, காம்படியில் மண் ஒட்டிக்கொண்டு. அழகில்லாத குவியலுக்குத்தான் விலை அதிகம். ஏன் என்று கேட்டேன். கடைக்காரர் ஒன்றை எடுத்துப் பிட்டு, பாதியை என் கையில் வைத்துவிட்டு ஒரே ஒரு சொல் சொன்னார். எனக்குப் பிடிபடவில்லை. கூட வந்த டாக்சி ஓட்டுநர் விளக்கினார்: “தண்ணி பாய்ச்சாம விளைஞ்சது, உஸ்தாஸ். மழை ஈரத்துல மட்டும்.”

அந்தச் சொல் ‘பஅல்’. நடுவில் தொண்டையை இறுக்கி எழுப்பும் ஓர் ஒலி வரும். நம் எழுத்தில் அதற்கு இடமில்லை. நாம் மானாவாரி என்பதை அந்தப் பக்கத்து அரபியில் பஅல் என்கிறார்கள். பஅல் நிலம், பஅல் தக்காளி, பஅல் வெள்ளரி: கிணறு, வாய்க்கால் எதுவும் இல்லாமல் வானத்தை நம்பி விளைவது. அன்று காலை நான் பார்க்கப் புறப்பட்ட கோயிலின் தெய்வத்துக்கும் அதே பெயர்தான். கோயிலில் பூசை நின்று 3,200 ஆண்டுகள் ஆகின்றன. சந்தையில் இன்னும் பெயர் செலாவணியில் இருக்கிறது.

தமிழில் இந்தப் பெயரை எழுதுவது ஒரு சங்கடம். ‘பால்’ என்று எழுதினால் பசுமாடு வந்து நின்றுவிடும். தமிழ் வேதாகமத்தில் ‘பாகால்’ என்று இருக்கிறது. நானும் அப்படியே எழுதிவிடுகிறேன். பாகால் எனக்கு அறிமுகமானதும் ஞாயிறு பள்ளியில்தான், வில்லனாக. கர்மேல் மலையில் எலியா ஒருபக்கம், பாகாலின் தீர்க்கதரிசிகள் 450 பேர் மறுபக்கம். அவர்கள் காலையிலிருந்து கூவிக் கூவிக் களைத்தும் பதில் வராது. உங்கள் சாமி தூங்குகிறாரோ என்னவோ என்று எலியா கேலி செய்வார். பெஞ்சில் நாங்கள் எல்லோரும் சிரிப்போம். அது பஞ்சகாலத்துக் கதை, மழையைத் தருவது யார் என்பதுதான் அந்த வழக்கு என்பதெல்லாம் அப்போது உறைக்கவில்லை. எதிர்க்கட்சி வக்கீலின் வாதத்தை மட்டும் கேட்டு வளர்ந்தவன் நான்.

பாகாலின் தரப்பு வெளியே வந்தது ஓர் உழவரால். 1928-இல் மினெத் எல் பைதா என்ற கடற்கரையோர நிலத்தில் அவர் ஏர் ஓட்டும்போது கொழு ஒரு கல்பலகையில் தட்டியது. பெயர்த்துப் பார்த்தால் கல்லறை. அடுத்த ஆண்டே கிளோத் ஷேஃபர் தலைமையில் பிரெஞ்சு அகழாய்வுக் குழு வந்து இறங்கியது. கல்லறை இருந்தால் ஊர் இருக்க வேண்டுமே என்று தேடி, கடலிலிருந்து ஒரு கிலோமீட்டர் உள்ளே இருந்த மேட்டைத் தோண்டினார்கள். உகாரித் நகரம் அங்கே கிடந்தது. கி.மு. 1185 வாக்கில் தீயில் அழிந்த நகரம். பிறகு அதன்மேல் யாரும் பெரிதாக எதையும் கட்டவில்லை என்பது நம் அதிர்ஷ்டம்.

நான் போனது 2010 செப்டம்பர் கடைசியில். சிரியாவில் போர் தொடங்க இன்னும் ஆறு மாதம் இருந்தது. லத்தாக்கியாவிலிருந்து வடக்கே சுமார் 10 கிலோமீட்டர், இருபுறமும் ஆரஞ்சுத் தோப்பு. மேட்டின் பெயர் ராஸ் ஷம்ரா. ஷம்ரா என்றால் சோம்பு. சோம்பு மேடு என்று வைத்துக்கொள்ளலாம். பெயர் பொய்யில்லை. இடுப்பளவுக்குக் காய்ந்து நின்ற காட்டுச் சோம்புச் செடிகளுக்கு நடுவேதான் பாதை போகிறது. கைக்கு எட்டிய கொத்தைக் கசக்கினால் விதை உதிர்ந்து, கல்யாணச் சாப்பாடு முடிந்த பந்தி வாசனை. பத்தடி நடப்பதற்குள் முழங்கால்வரை கால்சட்டை நனைந்துவிட்டது. ஜூன் முதல் செப்டம்பர் வரை இந்தக் கரையில் மழை என்பதே அபூர்வம். காலைப் பனிதான் ஈரம். பாகாலின் மகள்களில் ஒருத்திக்குத் தல்லாய் என்று பெயர். பனித்துளி என்று பொருள்.

உள்ளே நுழையும் வாசல் விசித்திரமானது. முழு வளைவு இல்லை. இரண்டு பக்கச் சுவர்களும் மேலே போகப்போக ஒன்றை நோக்கி ஒன்று சாய்ந்து உச்சியில் முட்டிக்கொள்கின்றன. வணங்கும் கைகளுக்கு நடுவே புகுவதுபோல இருந்தது. அடுத்து அரண்மனை: 90 அறைகள் என்று கணக்கு, முழங்கால் உயரத்துச் சுவர்கள், வறண்ட தொட்டி. அரண்மனைகள் எல்லா ஊரிலும் ஒரே மாதிரிதான் இருக்கின்றன. வேகமாகக் கடந்துவிட்டேன்.

வீடுகளில்தான் கால் நின்றது. உகாரித்தில் வசதியானவர்கள் இறந்தவர்களை ஊருக்கு வெளியே கொண்டுபோவதில்லை. வீட்டுத் தரைக்குக் கீழே கல்லறை கட்டி அங்கேயே வைத்தார்கள். ஒரு வீட்டின் அறை மூலையில் படிக்கட்டு இறங்கியது. குனிந்து போனேன். நன்றாகச் செதுக்கிய கற்கள், கூம்பிய கூரை, ஆட்டுப்புழுக்கை, கிணற்றடிக் குளிர்ச்சி. மேலே ரொட்டி சுட்டிருப்பார்கள், கீழே தாத்தா இருந்திருப்பார். இந்த ஊர்க்காரர்களுக்குச் சாவு, வீட்டோடு தங்கிவிட்ட உறவுக்காரர் மாதிரி. இந்தச் சாவு பிறகு பாகாலின் கதையிலும் வரும்.

மேட்டின் உச்சியில் பாகால் கோயில். காவலாளி கையைக் காட்டினார். “இதுதானா?” என்று கேட்டுவிட்டேன். பெரிய கற்களாலான அடித்தளம், சில படிகள், அவ்வளவுதான். ஆனால் சுவர்களின் கனத்தைப் பார்த்தால் விஷயம் புரிகிறது. இவ்வளவு தடித்த சுவர் மேலே எதையோ தாங்கியிருக்க வேண்டும். மாடிப்படியின் மிச்சமும் இருக்கிறது. கோபுரம்போல உயர்ந்து, கடலில் வருபவர்களுக்கு அடையாளமாக நின்றிருக்கும் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். எந்தச் சாமியின் கோயில் என்பதைச் சொன்னது ஓர் எகிப்தியர். மாமி என்ற அரச எழுத்தர் நேர்ந்து வைத்த கல் இங்கே கிடைத்தது. அதில் சபோன் மலைப் பாகாலுக்கு என்று எழுதியிருக்கிறது.

கல் நங்கூரங்களும் கிடைத்தன, 15-க்கும் மேல். சில இன்னும் அங்கேயே கிடக்கின்றன: இட்லிக்குண்டானை நசுக்கி நிமிர்த்தியதுபோல ஒரு வடிவம், மேல்பக்கம் கயிறு கோக்க ஒரு துளை. துளைக்குள் கைவிட்டுப் பார்த்தேன், என் முஷ்டி தாராளமாகப் போய் வந்தது. இதைத் துறையிலிருந்து மேட்டுக்கு ஏற்றிக்கொண்டு வர எத்தனை பேர் மூச்சு வாங்கியிருப்பார்கள்? புயலில் தப்பி வந்தவர்களின் நேர்த்திக்கடனாக இருக்கலாம். புயலை அனுப்பியவரும் அவரே, கரை சேர்த்தவரும் அவரே.

படியில் நின்று வடக்கே திரும்பினால் அந்த மலை. 40 கிலோமீட்டர் தள்ளி, துருக்கி எல்லையில், கடலோரத்திலிருந்து நேராக 1,717 மீட்டர் எழுந்து நிற்கிறது. இன்றைய பெயர் ஜெபல் அக்ரா, மொட்டை மலை. உகாரித்துக்காரர்களுக்கு அது சபோன், பாகாலின் இருப்பிடம். எபிரெயத்தில் வடதிசைக்கே சபோன் என்று பெயர். கிரேக்கர்கள் வந்தபோது சாமியை மாற்றவில்லை, பெயர்ப்பலகையை மாற்றினார்கள்: அங்கே சேயுஸ் குடியேறினார். ரோமப் பேரரசர் ஹேட்ரியன் சூரிய உதயம் பார்க்க இரவில் மலையேறிப் பலி கொடுக்கும்போது இடி விழுந்து, பலி விலங்கும் பூசாரியின் உதவியாளரும் மடிந்தார்கள் என்று ஒரு பழைய வரலாற்று நூல் சொல்கிறது. பாகால் வீட்டைக் காலி செய்யவில்லை போலும்.

பாகால் என்பது பெயரே இல்லை, பட்டம். ஆண்டவன், உடையவன், புருஷன் என்றெல்லாம் பொருள். சொந்தப் பெயர் ஹதத். மேகத்தின்மேல் ஏறி வருபவர் என்பது இன்னொரு பட்டம். சங்கீதப் புத்தகத்தைப் புரட்டியவர்களுக்கு இது எங்கேயோ கேட்டதுபோல இருக்கும்.

கோயிலிலிருந்து சில நிமிட நடையில், தாகான் என்ற இன்னொரு தெய்வத்தின் கோயிலுக்கு இப்பால், தலைமைப் பூசாரியின் வீடு. சுவர்க்கோடுகள் மட்டும் மிச்சம். இந்தச் சின்ன அறைகளில்தான் ஆப்பெழுத்தில் பதித்த களிமண் பலகைகள் கிடைத்தன. 30 குறிகள் மட்டுமே கொண்ட புது எழுத்து. கிடைத்த ஓரிரு ஆண்டிலேயே விரோலோ, பவர், தோர்ம் என்ற மூவர் அதைப் படித்துவிட்டார்கள். அவற்றில் ஆறு பலகைகள் பாகாலின் கதை. எழுதியவர் இலிமில்கு என்று கையெழுத்தும் உண்டு. ஒரு சுவரில் உட்கார்ந்து, கொண்டுபோன மொழிபெயர்ப்பை மடியில் விரித்தேன்.

ஞாயிறு பள்ளி வில்லனை அதில் தேடினால் கிடைக்கமாட்டார். அதில் இருப்பவர் வீடில்லாதவர். மற்றத் தெய்வங்களுக்கெல்லாம் வீடு இருக்கிறது, எனக்கு மட்டும் இல்லை என்பது அவருடைய பெரிய குறை. கடலரசன் யம்மை, கோதர் என்ற கைவினைத் தெய்வம் செய்துகொடுத்த இரண்டு தண்டங்களால் அடித்து வீழ்த்துகிறார். வென்ற பிறகும் வீடு இல்லை. தங்கை அனத் போய், தெய்வங்களின் அப்பனான ஏலை மிரட்டிப் பார்க்கிறாள். கடைசியில் ஏலின் மனைவிக்குப் பரிசுகள் கொடுத்து, அவள் சிபாரிசு செய்த பிறகுதான் அனுமதி வருகிறது. கட்டட அனுமதிக்கு அலைந்தவர்கள் இந்தப் பகுதியை நன்றாக ரசிக்கலாம்.

லெபனோனின் கேதுரு மரம் வருகிறது. வெள்ளியும் தங்கமும் ஆறு நாள் நெருப்பில் உருகி, ஏழாம் நாள் வீடாகின்றன. கோதர் ஒரு ஜன்னல் வைக்கலாம் என்கிறார். வேண்டாம் என்கிறார் பாகால். மறுபடி கேட்கிறார். வேண்டாம். காரணம் சொல்லும் வரிகள் பலகையில் சிதைந்துவிட்டன. மகள்களின் பெயரும் யம்மின் பெயரும் மட்டும் தெரிகின்றன. பெண்பிள்ளைகளைப் பெற்றவர் ஜன்னலுக்குப் பயந்தார் என்று நானாக நினைத்துக்கொண்டேன். பிறகு ஒருநாள் ஊர்களையெல்லாம் வென்று திரும்பியவர், சரி, ஜன்னல் வை என்கிறார். நான்தான் அப்போதே சொன்னேனே என்று கோதர் சிரிக்கிறார். ஜன்னல் திறக்கிறது, மேகம் பிளக்கிறது, இடி இடிக்கிறது, எதிரிகள் காட்டுக்குள் ஓடுகிறார்கள். மழைக்குத் தேவைப்பட்டது ஒரு ஜன்னல்!

அந்தக் கொண்டாட்டத்தில்தான் அவர் சாவை வம்புக்கு இழுக்கிறார். சாவின் பெயர் மோத். ஓர் உதடு பூமியில், ஓர் உதடு வானத்தில். என் வாய்க்குள் வா என்று செய்தி அனுப்புகிறான். இடியைக் கையில் வைத்திருப்பவர் சண்டைகூடப் போடவில்லை. நான் உன் அடிமை என்று சொல்லிவிடுகிறார். மேகம், காற்று, மழை, கூடவே மகள் தல்லாயையும் அழைத்துக்கொண்டு பூமிக்குக் கீழே இறங்கிவிடுகிறார். பனிகூட மிஞ்சவில்லை. கிழவர் ஏல் சிங்காசனத்திலிருந்து இறங்கித் தரையில் உட்கார்ந்து தலையில் புழுதியை வாரிக்கொள்கிறார். பாகாலின் ஆசனத்தில் இன்னொருவரை உட்காரவைத்துப் பார்க்கிறார்கள்; கால் பாதபீடத்துக்கு எட்டவில்லை, தலை மேல்விளிம்புக்கு எட்டவில்லை.

மீட்பவள் தங்கை அனத். மோத்தைப் பிடித்து வாளால் பிளக்கிறாள், தூற்றுகிறாள், நெருப்பில் சுடுகிறாள், திரிகையில் அரைக்கிறாள், வயலில் விதைக்கிறாள். சாவைப் போட்டுக் களத்துமேட்டு வேலை முழுவதையும் செய்துவிடுகிறாள். பிறகு ஏலுக்குக் கனவு வருகிறது: வானத்திலிருந்து எண்ணெய் பெய்கிறது, ஓடைகளில் தேன் ஓடுகிறது. பாகால் உயிரோடு இருக்கிறார் என்று கிழவர் தெரிந்துகொள்கிறார். அதோடு முடியவில்லை. ஏழாம் ஆண்டில் மோத் திரும்பி வருகிறான். இருவரும் முட்டி மோதி விழுகிறார்கள். சூரியதேவி வந்து அதட்டிய பிறகே மோத் ஒதுங்குகிறான்.

இது ஆண்டுதோறும் வரும் கோடையின் கதையா, எப்போதாவது வரும் பஞ்சத்தின் கதையா, அரசுரிமையின் கதையா என்று அறிஞர்கள் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்கள். எனக்கு அந்தச் சுவரில் உட்கார்ந்திருந்தபோது பட்டது இது: எகிப்துக்கு நைல் இருந்தது, பாபிலோனுக்கு யூப்ரடீஸ் இருந்தது. உகாரித்தின் வயல்கள் வானத்தைப் பார்த்துக் கிடந்தவை. அதனால்தான் தோற்கக்கூடிய, பயப்படக்கூடிய, ஆள் வைத்து மீட்க வேண்டிய ஒரு சாமி அவர்களுக்கு இருந்தார். உங்கள் சாமி தூங்குகிறாரா என்ற எலியாவின் கேலி அவர்களுக்குப் புதிதாக இருந்திருக்காது. ஒவ்வொரு செப்டம்பரிலும் அவர்களே கேட்டிருப்பார்கள்.

காவலாளி பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். சட்டைப் பையிலிருந்து மடங்கி வெளுத்த ஒரு படத்தை எடுத்தார். 1932-இல் இந்தக் கோயிலருகே கிடைத்த சிற்பப்பலகை, 142 செ.மீ. உயரமான அசல் இப்போது பாரிஸ் லூவ்ரில். கொம்பு வைத்த தலைக்கவசம், தோளில் சுருண்ட சடை, ஓங்கிய வலக்கையில் தண்டம். இடக்கையில் ஓர் ஈட்டி, முனை தரையில் ஊன்றியிருக்கிறது. காவலாளி விரல் நகத்தால் ஈட்டியின் பின்முனையைத் தொட்டுக் காட்டினார். அங்கே ஈட்டி ஈட்டியாக இல்லை. கிளைத்து இலை விட்டிருந்தது. மின்னலா, பயிரா? செதுக்கியவர் இரண்டையும் ஒன்றாகத்தான் பார்த்திருக்கிறார். காவலாளியின் கட்டைவிரல் நகர்ந்ததும் இன்னொன்று தெரிந்தது: சாமியின் இடுப்புக்குக் கீழே, ஈட்டிக்கும் வாளுக்கும் நடுவே, பொம்மை அளவில் ஒரு மனிதர் ஒதுங்கி நிற்கிறார். உகாரித்தின் அரசராக இருக்கலாம் என்கிறார்கள். மழைக்கு ஒதுங்கியவர் நிற்பதுபோலவே நின்றார்.

வாசலில் ஒரு பையன், விரல் நீளக் களிமண் துண்டில் 30 எழுத்தும் பதித்த நகலை விற்றுக்கொண்டிருந்தான். ஒன்று வாங்கினேன். காரில் ஏறியதும் ஓட்டுநர் தக்காளிப் பையைப் பிரித்து, உப்புப் பொட்டலத்தைப் பலகைமேல் வைத்தார். தோல் தடிப்பு, புளிப்பும் இனிப்பும் தூக்கல். தின்றுகொண்டே கண்ணாடி வழியாக வடக்கே பார்த்தேன். மொட்டை மலையின் உச்சியில் ஒரு மேகம் உட்கார்ந்திருந்தது.

“மழை வருமோ?” என்றேன்.

அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “அது தினமும்தான் தொப்பி போடும், உஸ்தாஸ்,” என்றபடி வண்டியைக் கிளப்பினார்.