மைனஸ் 58

குற்றம் செயலியின் மேல் இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

வைஃபை சிக்னலை அளக்கும் செயலி ஒன்றின் பீட்டா பதிப்பு என் போனில் இருந்தது. கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் காட்டுவேன். "இது இன்னும் வெளியிலேயே வரலை" என்று சொல்வதில் எனக்கு ஒரு மிதப்பு. பீட்டா என்றால் நம்மை வைத்துச் சோதித்துப் பார்க்கிறார்கள் என்று பொருள். நான் அதைப் பதக்கம் மாதிரி மாட்டிக்கொண்டு திரிந்தேன்.

ஒரு சிறிய மருத்துவமனைக்கு வைஃபை போடும் வேலை வந்தது. முதல் மாடியில் படிக்கட்டுப் பக்கம் ஏணியில் ஏபியை, அதாவது வைஃபை தரும் அக்சஸ் பாயின்ட்டைக் கட்டி, பீட்டாவை ஓடவிட்டு, போனும் கையுமாக வராந்தாவில் விறுவிறுவென்று நடந்தேன். மைனஸ் 58. நல்ல எண். எக்ஸ்ரே அறையைத் தாண்டினேன். மைனஸ் 58. அதற்கும் பின்னால் நர்ஸ்கள் மேசை. அங்கேயும் மைனஸ் 58. ஒரு ஏபி போதும் என்று எழுதிக்கொண்டேன்.

கூட வந்த பையன் கேட்டான்: "நம்பர் மாறவே இல்லையேண்ணே? ஈயத்தகடு அடிச்ச சுவரு இது."

வேலைக்கு வந்து 8 மாதம் ஆனவன். "நீ கேபிளைப் பாரு" என்றேன். நர்ஸ்கள் முன்னால் சொன்னேன்.

2018-இல் வந்த ஆண்ட்ராய்ட் 9 முதல், திறந்திருக்கும் செயலி 2 நிமிடத்துக்கு 4 முறைதான் ஸ்கேன் செய்ய முடியும். இது எனக்குத் தெரியாததல்ல. அந்த பீட்டா நான்கையும் தொடக்கத்திலேயே தீர்த்துவிட்டு, மிச்ச நேரம் பழைய எண்ணையே புதிது போலக் காட்டிக்கொண்டிருந்தது. பதிப்போடு வந்த குறிப்பில் இதை எழுதியே இருந்தார்கள். நான் படிக்கவில்லை. வராந்தா முழுக்க நான் பார்த்தது படிக்கட்டுப் பக்கத்து எண்.

நர்ஸ்கள் மேசையில் உண்மையில் கிடைத்தது மைனஸ் 84. ஏறத்தாழ 400-இல் ஒரு பங்கு சிக்னல். நர்ஸ்களின் டேப்லெட்டில் எதுவும் ஏறவில்லை. 6 நாள் அந்தப் பெண்கள் காகிதத்தில் எழுதி எடுத்துக்கொண்டு பில்லிங்குக்கு இறங்கி ஏறினார்கள். டிஸ்சார்ஜ் ஆனவர்கள் பையைக் கட்டி வைத்துவிட்டுக் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார்கள். "சாயங்கால பஸ்ஸு போயிருச்சு தம்பி" என்று ஒரு பெரியவர் என்னிடமே சொன்னார். யாரிடம் சொல்கிறோம் என்று அவருக்குத் தெரியாது.

இதுவரை கவனக்குறைவு. அடுத்தது அப்படியல்ல.

இரண்டாம் நாளே எனக்கு விஷயம் தெரிந்துவிட்டது. பழைய செயலி ஒன்றைப் போட்டு, ஒவ்வொரு இடத்திலும் நின்று அளந்தேன். மறுநாள் நிர்வாகி கேட்டபோது, "பையன் கிரிம்பிங் சரியாப் பண்ணலை சார்" என்றேன். பாக்கிப் பணம் வராதோ என்ற பயம். அதைவிட, எனக்கு வேலை தெரியாது என்று சொல்லிவிடுவார்களோ என்ற பயம். பையன் பக்கத்தில்தான் நின்றான். வாய் திறக்கவில்லை. அன்றிரவு எல்லாக் கேபிள் முனைகளையும் வெட்டி மறுபடி கிரிம்ப் செய்தான். எல்லாம் நல்ல முனைகள். நான் கீழே நின்று டார்ச் அடித்தேன்.

ஆறாம் நாள் நர்ஸ்கள் மேசைக்கு மேலே இன்னொரு ஏபி மாட்டினேன். "இதுக்குக் காசு வேணாம் சார்" என்றேன். நிர்வாகி கைகுலுக்கினார்.

அடுத்த மாதம் பையன் நின்றுவிட்டான். அவன் போய்ச் சேர்ந்த கடையிலிருந்து, ஆள் எப்படி என்று விசாரித்தார்கள்.

"நல்ல பையன்தான். கிரிம்பிங்கை மட்டும் கொஞ்சம் பார்த்துக்குங்க" என்றேன்.